நோய் தலையில் இல்லை: அயோத்திதாசப் பண்டிதரின் மருத்துவப் பார்வையும் சாதியச் சமூகமும்

கார்த்திகை மாதத்து ஞாயிற்றுக்கிழமைகளில், குறிப்பாகக் கடைசி ஞாயிறன்று, காஞ்சிபுரம் கச்சபேசுவரர் கோயிலில் ஒரு வழிபாடு நடைபெறுகிறது. தலை தொடர்பான நோய்களால் துன்புறுவோர் புதிய மண்சட்டியில் மாவிளக்கு ஏற்றி, அதைத் தலைமேல் சுமந்து கோயிலை வலம் வருகின்றனர். மக்கள் இதனை மண்டை விளக்கு என்கின்றனர். தலையில் நோய் உண்டாயின் அதனைத் தலையாலேயே சுமந்து இறக்கிவைக்க வேண்டும் என்னும் எண்ணம் இவ்வழக்கத்தில் உறைந்துள்ளது. நோயுற்றோரின் நம்பிக்கையை எள்ளி நகையாடுவது நம் நோக்கமன்று. ஆயினும் இக்காட்சி ஒரு வினாவை எழுப்புகிறது. ஒரு மனிதன் தலைகுனிந்து நிற்கும்போது, நோய் அவன் தலைக்குள் இருக்கிறதா, அவன் தலைமேல் ஏற்றப்பட்டிருக்கும் சுமையில் இருக்கிறதா?

1947-ஆம் ஆண்டின் ஆலயப் பிரவேசச் சட்டம் வருவதற்கு முன், சென்னை மாகாணத்துப் பெருங்கோயில்களுக்குள் தீண்டாதார் என ஒதுக்கப்பட்டோர் உரிமையுடன் நுழைய இயலாது. நோய் தீர வேண்டி விளக்கேந்துவதற்கும் சாதி குறுக்கே நின்றது. அச்சட்டத்துக்கு அரை நூற்றாண்டுக்கு முன்னரே, இவ்வொதுக்கத்தை ஒரு மருத்துவரின் கண்கொண்டு பார்த்தவர் அயோத்திதாசப் பண்டிதர். அவரைப் பௌத்த மறுமலர்ச்சியாளராகவும் இதழாளராகவும் தமிழ் அரசியலின் முன்னோடியாகவும் நாம் அறிவோம். அவர் தொழிலால் சித்த மருத்துவர் என்பதைக் குறிப்பிடுவோர் பலரும் அச்செய்தியோடு நின்றுவிடுகின்றனர். அவருடைய சமூக ஆய்வின் முறையே மருத்துவ முறைதான் என்பதையும், மூளை, தகுதி, திறமை குறித்து இன்று நடைபெறும் விவாதங்களுக்கு அம்முறை எவ்வாறு பயன்படும் என்பதையும் விளக்குவதே இக்கட்டுரையின் நோக்கம்.

பண்டிதர் என்னும் மருத்துவர்

1845 மே 20 அன்று சென்னையில் பிறந்த அவருக்குப் பெற்றோர் இட்ட பெயர் காத்தவராயன். தமக்குக் கல்வி புகட்டிய ஆசிரியரின் பெயரையே பின்னர்த் தம் பெயராக ஏற்றுக்கொண்டார். தமிழ், சமஸ்கிருதம், பாலி, ஆங்கிலம் ஆகிய மொழிகளில் பயிற்சி பெற்றிருந்தார். நீலகிரியிலும் பின்னர்ச் சென்னை இராயப்பேட்டையிலும் வாழ்ந்தார். 1891-இல் திராவிட மகாசன சபையைத் தோற்றுவித்தார். 1898-இல் கர்னல் ஆல்காட்டுடன் இலங்கை சென்று பஞ்சசீலம் ஏற்று, திரும்பியதும் சென்னையில் சாக்கிய பௌத்த சங்கத்தை நிறுவினார். 1907 ஜூன் 19 அன்று 'ஒரு பைசாத் தமிழன்' வார இதழைத் தொடங்கினார். ஓராண்டுக்குப்பின் 'தமிழன்' எனப் பெயர் மாறிய அவ்விதழை 1914 மே 5 அன்று மறையும்வரை நடத்தினார்.

இத்தனை பணிகளுக்கும் நடுவே அவருடைய வாழ்வுக்கு ஆதாரமாக விளங்கியது சித்த மருத்துவமே. இராயப்பேட்டையில் சிறுவனாக இருந்தபோது கைகால் முடங்கிக் கிடந்த தமக்குப் பண்டிதரின் மருந்தே நலமளித்தது என்பதைத் திரு.வி.க. தம் வாழ்க்கைக் குறிப்பில் நன்றியுடன் நினைவுகூர்ந்துள்ளார். சாதி இந்துக் குடும்பத்துச் சிறுவன் ஒருவன் தீண்டத்தகாதார் எனப்பட்ட குலத்து மருத்துவரின் கைபட்டு எழுந்து நடந்தான். நாடி பார்க்கும் கையின் சாதியை நோயுற்ற உடல் கேட்பதில்லை.

அச்சிறுவனே வளர்ந்து, 1925 நவம்பரில் காஞ்சிபுரத்தில் கூடிய தமிழ்நாடு காங்கிரசு மாகாண மாநாட்டுக்குத் தலைமை ஏற்றார். அம்மாநாட்டில் பெரியார் கொண்டுவர முயன்ற வகுப்புவாரிப் பிரதிநிதித்துவத் தீர்மானம் அனுமதிக்கப்படவில்லை, பெரியார் வெளியேறினார். திரு.வி.க.வின் நேர்மையையோ தொழிலாளர்க்கு அவர் ஆற்றிய தொண்டையோ நாம் ஐயுறவில்லை. எனினும் ஓர் உண்மையை இந்நிகழ்வு உணர்த்துகிறது. ஒடுக்கப்பட்டோரின் கையிலிருந்து மருந்தைப் பெற்றுக்கொள்ளச் சமூகம் தயங்குவதில்லை. அதிகாரத்தில் பங்கைக் கொடுக்கும்போதுதான் தயங்குகிறது. தனிமனித நன்றியுணர்வால் சாதி கரைந்துவிடாது என்பதற்குக் காஞ்சி மாநாடு ஒரு சான்று.

தொட்டால்தான் மருத்துவம்

மருத்துவத்துக்கும் சாதிக்கும் இடையிலான முரண் மிகப் பழையது. நோயாளியின் உடலைத் தொடாமல், குருதியையும் சீழையும் மலத்தையும் ஆராயாமல் மருத்துவம் இல்லை. தூய்மை, தீட்டு என்னும் இரு சொற்களின்மீது கட்டப்பட்ட சமூக ஒழுங்கு இச்செயலை எவ்வாறு ஏற்கும்? மனுஸ்மிருதி மருத்துவர்களைச் சிராத்தச் சடங்குக்கு அழைக்கத் தகாதோர் பட்டியலில் வைக்கிறது. அவர்கள் அளிக்கும் உணவையும் விலக்குகிறது. மெய்யியல் அறிஞர் தேவிபிரசாத் சட்டோபாத்யாயா 1977-இல் வெளியான பண்டை இந்திய அறிவியலும் சமூகமும் குறித்த நூலில் இதனை விரிவாக ஆராய்ந்தார். கண்ணால் கண்டும் கையால் தொட்டும் உண்மையை அறியும் மருத்துவரின் முறை, பிறப்பால் உயர்வு தாழ்வு கற்பிக்கும் அதிகாரத்துக்கு அச்சுறுத்தலாக இருந்தது என்பதே அவர் வந்தடைந்த முடிவு.

தமிழ்நாட்டிலும் இதன் தடயங்கள் உண்டு. ஊரின் சிறு அறுவை மருத்துவத்தைச் செய்தவர்கள் நாவிதர்கள். பிள்ளைப்பேறு பார்த்தவர்கள் அவ்வீட்டுப் பெண்கள். மருத்துவர், மருத்துவச்சி என்னும் மதிப்புமிக்க சொற்களே அவர்களைக் குறித்தன. ஆயினும் அவர்கள் தீண்டாமையின் பல படிகளில் நிறுத்தப்பட்டனர். உயிரைக் காக்கும் அறிவு போற்றப்பட்டது. அவ்வறிவை உடையோர் இழிவுபடுத்தப்பட்டனர். பண்டிதர் இம்மரபின் உள்ளிருந்து எழுந்தவர். ஆகவேதான் சாதி குறித்த அவருடைய எழுத்தில் தத்துவ விவாதத்தோடு, உணவு, நீர், துணி, இருப்பிடம் ஆகியவை பற்றிய இடைவிடாத அக்கறையும் காணப்படுகிறது.

விளைவைக் காரணமாக்கும் தந்திரம்

ஒடுக்கப்பட்டோர் அழுக்காக இருக்கிறார்கள், அறிவற்றவர்களாக இருக்கிறார்கள், ஆகவே அவர்களை விலக்கி வைத்திருக்கிறோம் என்பது அக்காலத்துச் சாதி இந்துக்களின் வழக்கமான வாதம். பண்டிதர் 'தமிழன்' இதழில் இவ்வாதத்தை மீண்டும் மீண்டும் எதிர்கொண்டார். அவருடைய மறுமொழியின் சாரம் இது: நல்ல நீரை மொள்ள விடாமல் தடுத்தீர்கள், துணி வெளுப்போர், முடி திருத்துவோர், மருந்து கொடுப்போர் ஆகியோரை எம் மக்களிடம் வரவிடாமல் செய்தீர்கள், நிலத்தைப் பறித்து அரை வயிற்றுக் கூலிக்கு உழைக்க வைத்தீர்கள், அதனால் உடல் நலிந்து, உடை கந்தலானபின், அந்நலிவையே எங்கள் பிறவிக் குணம் என்கிறீர்கள்.

இங்கே ஒரு மருத்துவர் பேசுகிறார். நோய்க்குறி ஒன்று, நோய்க்காரணம் வேறொன்று என்பது மருத்துவத்தின் முதல் பாடம். காய்ச்சல் ஒரு குறி. அதன் காரணம் வேறிடத்தில் இருக்கலாம். குறியையே காரணமாகக் கொள்வோர் தவறான மருந்தைத்தான் கொடுப்பர். சாதியச் சமூகம் திட்டமிட்டே இத்தவற்றைச் செய்கிறது என்பதே பண்டிதரின் குற்றச்சாட்டு. அது முதலில் பற்றாக்குறையை உண்டாக்குகிறது. பற்றாக்குறை உடலில் வெளிப்படுகிறது. வெளிப்பட்டதைக் காட்டிப் பற்றாக்குறையை நியாயப்படுத்துகிறது. வட்டம் முழுமையடைந்தபின் தொடக்கம் எது என்பது மறைந்துபோகிறது.

பண்டிதரின் கூற்றைக் காஞ்சி வட்டாரமே அக்காலத்தில் மெய்ப்பித்தது. அன்று காஞ்சிபுரம் செங்கல்பட்டு மாவட்டத்தில் அடங்கியிருந்தது. அம்மாவட்டத்தின் ஆட்சியராகப் பணியாற்றிய ஜே.எச்.ஏ. திரமென்கீர், 1891-இல் அங்குள்ள பறையர் மக்களின் நிலை குறித்து விரிவான அறிக்கை ஒன்றை எழுதினார். அவர்களுடைய உணவு, உடை, குடிசை, கடன், அடிமைத்தனத்தை ஒத்த பண்ணை உழைப்பு, நிலம் பெற முயன்றால் மேல்சாதியார் இடும் தடைகள் ஆகியவற்றை அவ்வறிக்கை பதிவு செய்தது. அதன் விளைவாக 1892-இல் பிறந்ததே பஞ்சமி நில ஒதுக்கீடு. மாகாணம் முழுவதும் ஏறத்தாழ 12 லட்சம் ஏக்கர் நிலம் ஒதுக்கப்பட்டதாகக் கூறப்படுகிறது. அந்நிலத்தின் பெரும்பகுதி பிறர் கைக்குச் சென்றதும், அதனை மீட்க 1994-இல் செங்கல்பட்டில் நடைபெற்ற போராட்டத்தில் காவல்துறைத் துப்பாக்கிச் சூட்டுக்கு ஜான் தாமஸ், ஏழுமலை ஆகிய இருவர் உயிரிழந்ததும் நம் காலத்து வரலாறு.

திரமென்கீர் அறிக்கை எழுதிய அதே 1891-ஆம் ஆண்டின் டிசம்பர் 1 அன்று, பண்டிதரின் திராவிட மகாசன சபை உதகையில் மாநாடு கூட்டிப் பத்துக் கோரிக்கைகளை நிறைவேற்றியது. இழிசொல்லால் அழைப்போரைத் தண்டித்தல், கல்வியும் உதவித்தொகையும், பொதுக்கிணறு, குளம் ஆகியவற்றில் உரிமை, அரசுப் பணி, சிறைச்சாலைகளில் சாதி பார்த்து இழிதொழில் ஒதுக்கும் விதியை நீக்குதல் ஆகியன அவற்றுள் அடங்கும். இவற்றை வெறும் அரசியல் மனுவாக வாசிப்பது போதாது. நீர் வேண்டும், கல்வி வேண்டும், இழிசொல் நீங்க வேண்டும் என்னும் வரிசை ஒரு மருத்துவச் சீட்டைப் போன்றது. உடலுக்கு நீர், அறிவுக்குக் கல்வி, மனத்துக்கு மரியாதை என அது நோயின் ஒவ்வோர் உறுப்பையும் தொடுகிறது.

1892-இல் சென்னை மகாசன சபைக் கூட்டத்தில் சிவன், விஷ்ணு கோயில்களில் நுழையும் உரிமையை அவர் கேட்டார். உங்கள் குலத்தோருக்கு மதுரை வீரனும் காத்தவராயனும் கருப்பண்ணனும் இருக்கிறார்களே என அங்கிருந்தோர் விடையளித்தனர். கேட்டவரின் இயற்பெயரே காத்தவராயன் என்பதை நினைத்துப் பார்க்க வேண்டும். அதன்பின் அவர் பழைய கோயில்களின் வாயிலில் நெடுங்காலம் நிற்கவில்லை. வித்தை, புத்தி, ஈகை, சன்மார்க்கம் என்னும் நான்கையும் மனித மேன்மையின் அளவுகோலாகக் கொண்ட பௌத்தத்தை நோக்கி நடந்தார். இந்நான்கில் பிறப்புக்கு இடமில்லை. நான்கும் வளர்த்துக்கொள்ளக் கூடியவை.

தலையை அளந்தவர்கள்

புத்தி வளர்க்கத்தக்கது எனப் பண்டிதர் எழுதிக்கொண்டிருந்த அதே சென்னையில், புத்தி பிறப்பிலேயே அளவிடப்பட்டுவிட்டது என்று கருதியோரும் இருந்தனர். சென்னை அருங்காட்சியகத்தின் கண்காணிப்பாளராக 1885 முதல் 1908 வரை பணியாற்றிய எட்கர் தர்ஸ்டன், பல்வேறு சாதியாரின் தலையையும் மூக்கையும் கருவிகளால் அளந்து குறித்தார். தென்னிந்தியச் சாதிகளும் குலங்களும் குறித்த அவருடைய ஏழு தொகுதிகள் 1909-இல் வெளிவந்தன. வடக்கே 1901 மக்கள்தொகைக் கணக்கெடுப்பின் ஆணையராக விளங்கிய ஹெர்பர்ட் ரிஸ்லி, மூக்கின் அகலத்துக்கும் சாதிப் படிநிலைக்கும் தொடர்பு உண்டு என்று வாதிட்டார். ஐரோப்பாவில் மண்டையோட்டை அளந்து இனங்களைத் தரம்பிரித்த போலி அறிவியல், இங்கே மனுவின் படிநிலையோடு கைகோத்துக்கொண்டது. புருஷ சூக்தம் வாயிலிருந்து ஒரு வருணமும் காலிலிருந்து மற்றொரு வருணமும் தோன்றியதாகக் கூறியது. அளவுகோல் ஏந்திய அதிகாரிகள் அக்கதைக்கு எண்களைத் தேடினர்.

இவ்வெண்களை அவர்கள் களத்திலேயே வீழ்த்தியவர் பாபாசாகேப் அம்பேத்கர். தீண்டாதார் யார் என்பதை ஆராயும் 1948-ஆம் ஆண்டு நூலில், பல்வேறு மாகாணங்களின் மூக்களவுப் புள்ளிவிவரங்களை எடுத்துக்கொண்டு, பிராமணரும் தீண்டாதாரும் வேறுவேறு இனத்தார் என்பதை அவ்வளவுகள் மெய்ப்பிக்கவில்லை எனக் காட்டினார். தீண்டாமையின் வேர் இனத்தில் இல்லை. பௌத்தத்துக்கும் பிராமணியத்துக்கும் இடையிலான வரலாற்று மோதலில் உள்ளது என்பது அவர் முன்வைத்த கருதுகோள். ஏறத்தாழ நாற்பது ஆண்டுகளுக்கு முன் பண்டிதரும் தமக்கே உரிய வழியில் இதே திசையைச் சுட்டியிருந்தார். சாதி உடலில் எழுதப்பட்டதன்று, வரலாற்றில் சுமத்தப்பட்டது என்னும் இடத்தில் இருவரும் சந்திக்கின்றனர்.

தலையை அளக்கும் கருவி இன்று அருங்காட்சியகத்துக்குப் போய்விட்டது. அளக்கும் மனம் போய்விடவில்லை. தகுதி, திறமை, மதிப்பெண் என அது புதுப்பெயர்களைச் சூடிக்கொண்டுள்ளது. நுழைவுத்தேர்வில் குறைந்த மதிப்பெண் பெற்றவர் குறைந்த மூளை உடையவர் என்னும் தீர்ப்பு நாள்தோறும் வழங்கப்படுகிறது. பண்டிதரின் கேள்வியை இங்கும் கேட்போம்: இது நோய்க்குறியா, காரணமா?

மூளை எங்கே வளர்கிறது

மூளை குறித்த இன்றைய அறிவியல் அடிப்படையான ஒன்றைத் தெளிவாகச் சொல்கிறது. கருவில் தொடங்கி இரண்டு வயது நிறையும்வரை உள்ள ஏறத்தாழ ஆயிரம் நாள்களில் மூளை மிக விரைவாக வளர்கிறது. அப்போது தாய்க்கும் சேய்க்கும் போதிய புரதம், இரும்புச்சத்து, அயோடின் ஆகியவை கிடைக்காவிடில் கவனம், நினைவாற்றல், கற்றல் ஆகியன பாதிக்கப்படக்கூடும். தூய்மையற்ற நீரால் அடிக்கடி வயிற்றுப்போக்குக்கு ஆளாகும் குழந்தை, உண்ட உணவின் பயனையும் இழக்கிறது. நீண்டகால அச்சமும் அவமதிப்பும் உடலில் கார்டிசால் என்னும் சுரப்பை உயர்ந்த நிலையில் வைத்திருக்கின்றன. அது நினைவாற்றலுக்குரிய மூளைப் பகுதிக்குக் கேடு விளைவிக்கிறது. உணவு, நீர், மரியாதை ஆகிய மூன்றும் மூளையின் உணவாகின்றன.

2019-21 தேசியக் குடும்பநல ஆய்வின்படி இந்தியாவில் ஐந்து வயதுக்குட்பட்ட குழந்தைகளில் 35.5 விழுக்காட்டினர் வயதுக்கேற்ற உயரமின்றி வளர்ச்சி குன்றியுள்ளனர். பட்டியல் சாதி, பழங்குடிக் குழந்தைகளிடையே இவ்விகிதம் சராசரியைவிட அதிகம். இது மரபணுவின் செய்தியன்று. கிணற்றின் செய்தி, கூலியின் செய்தி, அங்கன்வாடி எந்தத் தெருவில் அமைந்துள்ளது என்பதன் செய்தி. 2022 டிசம்பரில் வேங்கைவயலின் தலித் குடியிருப்புக் குடிநீர்த் தொட்டியில் மலம் கலக்கப்பட்டது வெளிவந்தபோது, நீரைப் பற்றிய பண்டிதரின் குற்றச்சாட்டு நூறாண்டுப் பழமையானது என்று யாரால் சொல்ல இயன்றது?

உடல் நலமாக உள்ள குழந்தையிடமும் சாதி எவ்வாறு செயல்படுகிறது என்பதற்கு ஓர் ஆய்வைச் சுட்டலாம். கார்லா ஹாஃப், பிரியங்கா பாண்டே ஆகிய பொருளியல் அறிஞர்கள் உத்தரப் பிரதேசத்தின் கிராமப்புறத்தில் ஆறாம், ஏழாம் வகுப்பு மாணவர்களுக்கு வழிகண்டுபிடிக்கும் புதிர்களை அளித்து, தீர்க்கும் புதிருக்கேற்பப் பணம் கொடுத்தனர். 321 உயர்சாதிச் சிறுவர்களும் 321 ஒடுக்கப்பட்ட சாதிச் சிறுவர்களும் பங்கேற்ற அவ்வாய்வின் முடிவுகள் 2004-இல் வெளிவந்தன. சாதி வெளிப்படுத்தப்படாதபோது இரு பிரிவினருக்கும் இடையே குறிப்பிடத்தக்க வேறுபாடு இல்லை. ஒவ்வொரு சிறுவனின் தந்தை பெயர், பாட்டன் பெயர், சாதி ஆகியவற்றை அனைவர் முன்னும் உரக்கச் சொன்னபின், ஒடுக்கப்பட்ட சாதிச் சிறுவர்களின் செயல்திறன் கணிசமாகக் குறைந்தது. புதிரும் மாறவில்லை, மூளையும் மாறவில்லை. அறையில் சொல்லப்பட்ட ஒரு சொல் மட்டுமே புதிதாகச் சேர்ந்தது.

இழிசொல்லுக்குத் தண்டனை வேண்டும் என 1891-இல் கேட்ட மருத்துவரை இங்கே மீண்டும் நினைக்கிறோம். பண்டிதர் தம் வாழ்நாளின் பெரும்பகுதியைச் சொற்களின் வரலாற்றை ஆராய்வதில் செலவிட்டார். பறையர் என்னும் சொல்லுக்குப் 'பறைவோர்', அதாவது உண்மையை வெளிப்படுத்திச் சொல்வோர் எனப் பொருள் கொண்டார். மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் சாதிபேதமற்ற திராவிடர் எனப் பதியுமாறு வலியுறுத்தினார். அவருடைய சொல்லாராய்ச்சி முடிவுகள் அனைத்தையும் இன்றைய மொழியியல் ஏற்பதில்லை. ஆனால் ஒருவரை எப்பெயரால் அழைக்கிறோம் என்பது அவருடைய உள்ளத்தையும் ஆற்றலையும் தொடும் என்னும் அவருடைய உள்ளுணர்வு பிழையன்று.

தறியும் சாக்கடையும்

இனிக் காஞ்சிபுரத்துக்குத் திரும்புவோம். இந்நகரின் பட்டுச் சேலைக்குப் புகழ் தருவது கோர்வை முறை. உடலும் கரையும் வெவ்வேறு நிறத்தில் அமையும்படி, தனித்தனி நாடாக்களால் ஊடை கோத்து நெய்வது அது. குழித்தறியில் இம்முறையில் நெய்ய நெசவாளர் ஒருவர் போதாது. மறுபக்கக் கரையின் நாடாவைத் தள்ள அருகில் ஒரு துணையாள் வேண்டும். நெடுங்காலம் அவ்விடத்தில் அமர்த்தப்பட்டவர்கள் குழந்தைகள். பெற்றோர் வாங்கிய முன்பணத்துக்கு ஈடாகப் பிள்ளைகள் தறியில் உழைத்தனர். அக்கடனுக்குச் சிக்கியவற்றுள் தலித் குடும்பங்களும் பல. கொத்தடிமை ஒழிப்புச் சட்டம் 1976-இலும் குழந்தைத் தொழிலாளர் சட்டம் 1986-இலும் வந்தபின்னும், 2003-இல் மனித உரிமைக் கண்காணிப்பு அமைப்பு பட்டுத்தொழிலில் கொத்தடிமைக் குழந்தைகள் குறித்து அறிக்கை வெளியிட வேண்டியிருந்தது. அரசும் இயக்கங்களும் எடுத்த முயற்சியால் அந்நிலை பெரிதும் மாறியுள்ளது, அம்மாற்றத்தை மதிக்கிறோம். ஆனால் அன்று தறிக்குழியருகே அமர்ந்த சிறுவர் சிறுமியர் இன்று பெற்றோராக உள்ளனர். அவர்களுடைய பிள்ளைகள் வகுப்பறையில் தடுமாறும்போது, ஒரு தலைமுறைக் கல்வி கரையோரத்து நாடாவில் கழிந்தது என்பதை மறந்துவிட்டுத் திறமை இல்லை எனத் தீர்ப்பெழுதுவது அறமா?

மூளையைச் சாதி நேரடியாகக் கொல்லும் இடமும் ஒன்று உண்டு. கழிவுநீர்த் தொட்டியில் ஹைட்ரஜன் சல்பைடு வாயு திரண்டிருக்கும். குறைந்த அளவில் அழுகிய முட்டையின் நாற்றம் தரும் இவ்வாயு, அளவு மிகும்போது நுகரும் ஆற்றலையே செயலிழக்கச் செய்கிறது. ஆபத்தை உணர்த்தும் அறிகுறி மறைந்துவிடுகிறது. உயிரணுக்கள் ஆக்சிஜனைப் பயன்படுத்த முடியாமல் தடைப்படுகின்றன. மூச்சை இயக்கும் மூளை மையம் நின்றுவிடுகிறது. முதலில் இறங்கியவரைக் காப்பாற்ற இறங்குவோரும் அவ்வாறே மடிகின்றனர். காஞ்சிபுரம் மாவட்டத்தின் திருப்பெரும்புதூர் வட்டாரத்திலும் இத்தகைய மரணங்கள் நிகழ்ந்துள்ளன. மனிதரை இவ்வேலையில் ஈடுபடுத்துவதை 2013-ஆம் ஆண்டின் சட்டம் தடை செய்கிறது. 2023 அக்டோபரில் உச்ச நீதிமன்றம் சாக்கடை மரணங்களுக்கான இழப்பீட்டை 10 லட்சத்திலிருந்து 30 லட்சமாக உயர்த்தியது. இழப்பீடு உயர்கிறது, இறங்குவோரின் சாதி மட்டும் மாறவில்லை. மருத்துவச் சான்றிதழ் மூச்சுத்திணறல் என எழுதும். பண்டிதர் இருந்திருந்தால் காரணத்தின் இடத்தில் வேறொரு சொல்லைத்தான் எழுதியிருப்பார்.

பண்டிதரின் எல்லை

இங்கே ஒரு நேர்மையான குறிப்பும் தேவை. பண்டிதரை விமர்சனமின்றிப் போற்றுவது அவருடைய ஆய்வு முறைக்கே எதிரானது. பூர்வ பௌத்தர்களாகிய தம் மக்கள் தாழ்த்தப்பட்டோர் என்று வாதிட்ட அவர், அருந்ததியர் உள்ளிட்ட வேறு சில சமூகத்தாரைத் தாழ்ந்தோர் எனப் பிரித்துக் காட்டினார். தம் மக்களுக்கு நேர்ந்த நலிவு சுமத்தப்பட்டது எனக் கண்ட கண், அண்டை வீட்டாரின் நலிவை இயல்பானது என நம்பிவிட்டது. தாம் எதிர்த்த தந்திரத்துக்கே அவர் இவ்விடத்தில் இரையானார். இன்று சாக்கடையில் உயிரிழப்போரில் அருந்ததியர் மிகுதி என்பதை எண்ணும்போது இது சிறு பிழையாகத் தோன்றவில்லை. அருந்ததியருக்கான 3 விழுக்காடு உள் ஒதுக்கீடு 2009-இல் தமிழ்நாட்டில் சட்டமானதை, பண்டிதரின் முறையைப் பண்டிதரைக் காட்டிலும் முழுமையாகப் பின்பற்றிய செயலாகவே நாம் கருதுகிறோம்.

பழைய மருத்துவம் என்பதால் யாவும் சரி என்பதும் நம் நிலைப்பாடன்று. மருந்தைச் சோதித்தே ஏற்க வேண்டும். அவரிடமிருந்து நாம் பெறுவது மருந்துப் பட்டியலை அன்று. குறியைக் கண்டதும் காரணத்தைத் தேடும் ஒழுக்கத்தையே.

மருத்துவமனையின் பெயரும் மருத்துவக் கல்வியும்

பண்டிதரின் எழுத்துகள் நெடுங்காலம் மறைந்து கிடந்தன. ஞான. அலாய்சியஸ் தொகுத்த அயோத்திதாசர் சிந்தனைகள் 1999-இல் பாளையங்கோட்டையிலிருந்து வெளிவந்தபின்னரே பரவலான வாசிப்புக்கு வந்தன. 2005-இல், அன்று காஞ்சிபுரம் மாவட்டத்தில் அடங்கியிருந்த தாம்பரத்தில், தேசியச் சித்த மருத்துவ நிறுவனம் திறக்கப்பட்டது. அதன் மருத்துவமனை அயோத்திதாசப் பண்டிதரின் பெயரைத் தாங்கி நிற்கிறது. நாள்தோறும் அங்கு வரும் நோயாளிகள் எச்சாதியாராயினும் அப்பெயரின்கீழ் நுழைகின்றனர். இது மகிழ்ச்சிக்குரியது.

ஆயின் பெயர்ப்பலகையோடு நிறைவுற இயலுமா? 2007-இல் சுகதேவ் தோரட் தலைமையிலான குழு, தில்லி எய்ம்ஸ் மருத்துவக் கல்வி நிறுவனத்தில் பட்டியல் சாதி, பழங்குடி மாணவர்கள் ஆசிரியர்களாலும் சக மாணவர்களாலும் ஒதுக்கப்படுவதைப் பதிவு செய்தது. விடுதியில்கூட அவர்கள் தனித் தளங்களை நோக்கித் தள்ளப்பட்டிருந்தனர். உடற்கூறியல் மேசையில் எல்லா உடலும் ஒன்றே எனக் கற்பிக்கும் நிறுவனத்தின் விடுதியில் உடல்கள் பிரிக்கப்பட்டன. மருத்துவம் படித்தோர் மனம் தானாகத் திருந்திவிடும் என்னும் நம்பிக்கைக்கு அவ்வறிக்கை விடையாக நிற்கிறது.

பண்டிதரின் கோரிக்கை ஒன்று எத்தனை காலம் காத்திருந்தது என்பதையும் காண்போம். சிறைச்சாலையில் சாதி பார்த்து வேலை ஒதுக்கும் விதியை நீக்குமாறு 1891-இல் உதகை மாநாடு கேட்டது. பல மாநிலங்களின் சிறைக் கையேடுகளில் நீடித்த அத்தகைய விதிகள் அரசமைப்புக்கு முரணானவை என உச்ச நீதிமன்றம் 2024 அக்டோபர் 3 அன்று தீர்ப்பளித்தது. 133 ஆண்டுகள். நோயைக் கண்டறிய மருத்துவர் தவறவில்லை. மருந்தைக் கொடுக்கத்தான் நாடு தாமதித்தது.

ஆகவே நாம் வலியுறுத்துவன நான்கு. மருத்துவக் கல்வியின் பாடத்திட்டத்தில் சாதி, நோய்க்குரிய சமூகக் காரணியாகக் கற்பிக்கப்பட வேண்டும். ஊட்டச்சத்து, குடிநீர், அங்கன்வாடி குறித்த தரவுகள் சேரி வாரியாக வெளியிடப்பட வேண்டும். கழிவுநீர்த் தொட்டி மரணங்களில் இழப்பீட்டோடு நில்லாமல், பணித்தவர்மீது குற்ற வழக்கு நடத்தப்பட வேண்டும். பள்ளியிலும் கல்லூரியிலும் மாணவரின் சாதியைப் பிறர்முன் வெளிப்படுத்துவது தண்டனைக்குரிய இழிசெயலாகக் கருதப்பட வேண்டும். இவற்றுள் எதுவும் புதிதன்று. நீர், கல்வி, மரியாதை எனப் பண்டிதர் எழுதிய சீட்டின் தொடர்ச்சியே இவை.

அடுத்த கார்த்திகையிலும் கச்சபேசுவரர் கோயிலில் மண்டை விளக்குகள் எரியும். தலைவலி தீர வேண்டும் என்று ஒருவர், பிள்ளைக்குப் படிப்பு ஏற வேண்டும் என்று ஒருவர் வலம் வருவர். அவர்களுடைய வேண்டுதல் நிறைவேறட்டும். அதே நகரின் விளிம்பில், குழாயில் நல்ல நீர் வராத ஒரு தெருவில், படிப்பு ஏறாத பிள்ளை என ஆசிரியரால் ஒதுக்கப்பட்ட ஒரு சிறுமியும் இருப்பாள். அவள் தலையில் குறை எதுவும் இல்லை என்பதை அவளிடம் முதலில் சொல்ல வேண்டியவர்கள் நாம்.